நவம்பரில் எடுத்த கோடை

கெட்டில் பே, வட ஒன்டாரியோ
14 ஜனவரி 1980

அன்புள்ள தெல்மா,

ஊர் வந்து இரண்டு வாரம் ஆகிறது. இன்னமும் ஐஸ் கட்டியைப் பார்த்தால் பல் கூசுகிறது. நேற்று அம்மா ஏதோ வறுத்துக்கொண்டிருந்தாள், புகை வந்தது, நான் என்னையறியாமல் வாயை மூடிக்கொண்டேன். ஐந்து வாரம் நீச்சலுடையில் நின்று, ஒவ்வொரு டேக்குக்கு முன்னாலும் வாயில் ஐஸ் போட்டுக்கொண்டு, மூச்சு வெளியே புகையாகத் தெரியக் கூடாது என்று நடித்தவளுக்கு இந்தப் பழக்கம் அவ்வளவு சீக்கிரம் போகாது போலிருக்கிறது.

அம்மா கேட்டாள்: "ஃப்ளோரிடா கடற்கரைப் படத்தை எதுக்குடி பனியில எடுத்தாங்க?"

"பல் டாக்டருங்க காசும்மா. டிசம்பர் முப்பத்தொண்ணுக்குள்ள ஷூட்டிங் முடிஞ்சாத்தான் அவங்களுக்கு வரி குறையும். அவங்க யோசிச்சு முடிக்கறதுக்குள்ள அக்டோபர் ஆயிடுது."

"அப்ப பனியைப் பத்தியே ஒரு படம் எடுத்துத் தொலைக்க வேண்டியதுதானே."

இதை மெல் ரோசக்கிடம் சொல்லிவிடாதீர்கள். தயாரிப்பாளருக்கு என் அம்மாவின் யோசனை பிடித்துப்போய்விட்டால் அடுத்த வருஷமும் நான் வர வேண்டியிருக்கும்.

உங்கள் பூட்ஸ் என்னிடம் இருக்கிறது. கடைசி நாள் அவசரத்தில் போட்டுக்கொண்டே பஸ் ஏறிவிட்டேன். மொத்த யூனிட்டிலும் 'அந்தப் பொண்ணு கால் விறைச்சுப் போயிருக்கு' என்று பார்த்தது நீங்கள் ஒருத்திதான். எடிட்டருக்கு அது வேலையே இல்லை.

ஊர் வந்த முதல் சனிக்கிழமையே எங்கள் பின்லாந்துக்காரர் மன்றத்துச் சவுனாவுக்குப் போய்விட்டேன். எங்கள் பெண்கள் எல்லாரும் வாராவாரம் அந்த நீராவி அறையில் உடுப்பில்லாமல் கூடுவதை உங்களுக்குச் சொல்லியிருக்கிறேன். இரண்டு வருஷம் முன்னால் அங்கே வழுக்கி அடுப்பில் விழுந்து சுட்டுக்கொண்டேனே, அதிலிருந்து எங்களில் மூத்தவரான சைமி நூர்மி என்னை அடுப்புப் பக்கம் உட்கார விடுவதில்லை. அன்றைக்கு நானே கெஞ்சி அடுப்போரம் உட்கார்ந்தேன்.

பிப்ரவரியிலிருந்து பள்ளிக்கூடத்தில் வேலை. இரண்டாம் வகுப்பு டீச்சர் பிரசவ விடுப்பில் போகிறார், அவர் இடத்தில் நான். நான் நடிகையாகப் போவதில்லை என்பது ஏரிக்கரையில் மூன்றாவது நாளே தெரிந்துவிட்டது. ஆனால் டீச்சராக வேண்டும் என்பது எனக்கு ஏழு வயதிலேயே தெரியும்.

அதனால்தான் திரும்பவும் கேட்கிறேன். அந்தக் குளியலறைக் காட்சி அப்படியேதானே இருக்கும்? ஒப்பந்தத்தில் 'ஆடை களைய மாட்டேன்' என்று ஒரு வரி எழுதி வாங்கியிருக்கிறேன். நான் கதவைச் சாத்துவேன், பையன்கள் வெளியே ஒருத்தன் மேல் ஒருத்தன் ஏறி ஜன்னலில் பார்ப்பார்கள், உள்ளே எனக்குப் பதில் அவர்களுடைய வாலிபால் கோச் நிற்பார். அவ்வளவுதான் காட்சி. மோட்டலில் உங்கள் அறையில், அந்த எடிட்டிங் மேசைக்குப் பக்கத்தில் நின்று நீங்கள் சொன்னீர்கள்: "கத்திரி என் கையில இருக்கு. உனக்குத் தெரியாம உன்னை எதுவும் செய்ய மாட்டாங்க." அதை நம்பித்தான் பஸ் ஏறினேன்.

போன் செய்யாதீர்கள். எங்கள் லைன் நாலு வீட்டுக்குப் பொது. நான் ஹலோ சொன்னால் மூன்று பேர் மூச்சு விடுவது கேட்கும்.

அன்புடன்,
ஐலா கோர்பெலா


டொரோன்டோ
3 பிப்ரவரி 1980

ஐலா பெண்ணே,

பூட்ஸை நீயே வைத்துக்கொள். நான் இந்த அறையை விட்டு வெளியே போவதே இல்லை, எனக்கு எதற்கு.

படம் எப்படி என்று கேட்காமல் கேட்டிருக்கிறாய். சொல்கிறேன். மட்டம். ஆனால் நேற்று வரை கேவலமாக இருந்தது, இன்றைக்கு மட்டம் என்கிற அளவுக்குக் கொண்டுவந்திருக்கிறேன். இரண்டாம் ரீலில் மயாமி கடற்கரையில் ஒரு வாத்துக் கூட்டம் குளிருக்குப் பயந்து தெற்கே பறக்கிறது. மயாமிக்குத் தெற்கே போய் அது என்ன செய்யப்போகிறது? வெட்டிவிட்டேன். வாலிபால் காட்சியில் மூலையில் ஒரு ஆள் கையில் பனி வாரும் மண்வெட்டியோடு நிற்கிறான். அவனையும் வெட்டினேன்.

வெட்ட முடியாதது ஒன்றுதான். தோல். உங்கள் அத்தனை பேர் கையும் காலும் உரித்த கோழி மாதிரி சிலிர்த்துப்போய் நிற்கிறது. தூரத்தில் தெரியவில்லை, கேமரா கிட்டே வந்தால் ஒவ்வொரு புள்ளியாக எண்ணலாம். டைரக்டர் கார்டி வந்து பார்த்துவிட்டு, "காதல்ல சிலிர்க்குதுன்னு நினைச்சுக்குவாங்க" என்றான். "வாலிபால் ஆடறப்ப யாரு மேல காதல்?" என்று கேட்டேன். போய்விட்டான்.

போன வாரம் நியூயார்க்கிலிருந்து படம் வாங்குகிறவன் வந்தான். தொப்பியைக்கூடக் கழற்றாமல் பார்த்தான். கையில் ஒரு சின்ன நோட்டு. படம் முடிந்ததும் சொன்னான்: "மூணு இடத்துலதான் துணி இல்லாம ஏதோ தெரியுது. டிரைவ்-இன் தியேட்டர்காரன் ஆறு கேப்பான். ஆறு இல்லாம நான் தொடமாட்டேன்." மெல்லுக்கு முகம் தொங்கிப்போனது. கடற்கரைக் காட்சிகளில் மிச்சம் மீதி ஏதாவது இருக்கிறதா என்று என்னைத் தேடச் சொல்லியிருக்கிறான். தேடினேன். எல்லாம் கம்பளிப் போர்வை.

உன் காட்சி பத்திரமாக இருக்கிறது. கதவு சாத்துகிறது, கோச் நிற்கிறார். ஆள் இல்லாத அறையில் நானே சிரித்தேன். பதினான்கு வருஷம் இன்னொருவருக்கு உதவியாளாக இருந்துவிட்டு, முதல் முறையாக 'எடிட்டிங்: தெல்மா க்ரைட்டன்' என்று திரையில் வரப்போகிறது. அது இந்தப் படத்தில் வர வேண்டும் என்று எழுதியிருக்கிறது, என்ன செய்ய.

பிள்ளைகளைக் கவனி.

தெல்மா


கெட்டில் பே
22 மார்ச் 1980

அன்புள்ள தெல்மா,

இருபத்திரண்டு பிள்ளைகள். அதில் ஐந்து பேருக்கு முன்பல் இல்லை, ஒருத்தி எதைக் கேட்டாலும் அழுகிறாள், ஒருவன் எதைக் கேட்டாலும் 'ஆமா' என்கிறான். "மூணும் நாலும் எத்தனைடா?" "ஆமா டீச்சர்." இரண்டு மாதத்தில் இப்போது 'ஏழா?' என்று கேட்கிறான். எனக்கு அன்றைக்குச் சாப்பாடே வேண்டியிருக்கவில்லை, அவ்வளவு சந்தோஷம்.

பழைய டீச்சர் திரும்பி வரப்போவதில்லையாம். செப்டம்பரிலிருந்து அந்த இடத்தை எனக்கே நிரந்தரமாகத் தருவதாகப் பள்ளிக்குழுத் தலைவர் ஆலிபன்ட் சொன்னார். ஜூலைக் கூட்டத்தில் கையெழுத்து. நல்ல மனிதர், ஆனால் சட்டைக் காலர் மாதிரி விறைப்பு. "நீங்க ஏதோ படத்துல நடிச்சீங்களாமே. குடும்பத்தோட பாக்கலாமா?" என்று கேட்டார். "சிரிக்கலாம் சார்" என்றேன். பொய் இல்லையே.

ஆனால் உங்கள் கடிதத்தில் அந்த 'ஆறு' என்னை உறுத்துகிறது. மூன்று எப்படி ஆறாகும்? ஷூட்டிங் முடிந்துவிட்டது. எங்கே போய் எடுப்பார்கள்? இரண்டு தடவை கேட்கிறேன் என்று கோபிக்காதீர்கள். எனக்கு இந்த வேலை வேண்டும். வேறு எதையும் நான் இவ்வளவு விரும்பியதில்லை.

ஐலா


டொரோன்டோ
27 ஏப்ரல் 1980

ஐலா,

தாமதத்துக்கு மன்னித்துக்கொள். வேலை முடிந்துவிட்டது, பிரிண்ட் போடப் போயிருக்கிறது. பெயர் 'சுடுமணல் விடுமுறை' என்று முடிவாகியிருக்கிறது. ஜூனில் வரும்.

கடைசி நேரத்தில் அங்கே இங்கே சின்னச் சின்ன மாற்றங்கள். எல்லாப் படத்திலும் நடப்பதுதான்.

அந்த 'ஆமா' பையனுக்கு என் பாராட்டைச் சொல். உன் பிள்ளைகளுக்காகக் கலர் பென்சில் ஒரு பெட்டி அனுப்புகிறேன்.

உடம்பு சரியில்லை, அதனால் சுருக்கமாக முடிக்கிறேன்.

தெல்மா


கெட்டில் பே
29 ஜூன் 1980

மதிப்பிற்குரிய திருமதி க்ரைட்டன் அவர்களுக்கு,

கலர் பென்சில்கள் வந்து சேர்ந்தன. பிள்ளைகள் நன்றி சொன்னார்கள். எதற்காக அனுப்பினீர்கள் என்பது எனக்கு வெள்ளிக்கிழமைதான் புரிந்தது.

ஊருக்கு வெளியே, மரம் அறுக்கும் ஆலையைத் தாண்டி, வண்டியில் உட்கார்ந்தபடியே படம் பார்க்கிற டிரைவ்-இன் ஒன்று இருக்கிறது. வெள்ளிக்கிழமை 'சுடுமணல் விடுமுறை' போட்டார்கள். ஊர்ப் பெண் நடித்த படம் என்று டிக்கெட் கூண்டில் என் பெயரை எழுதி ஒட்டியிருந்தார்கள். நூறு வண்டிக்கு மேல். அம்மா டிரக்கைக் கழுவி எடுத்துக்கொண்டு வந்திருந்தாள்.

அந்தக் காட்சி வந்தது. என் முகம். நான் கதவைச் சாத்துகிறேன். அப்புறம் கழுத்திலிருந்து முழங்கால் வரை ஒரு உடம்பு, ஷவர் தண்ணீரில், மெதுவாக, திரும்பித் திரும்பி. அப்புறம் மறுபடி என் முகம், சிரிக்கிறது. அது நான் கார்டியின் ஏதோ ஜோக்குக்குச் சிரித்த சிரிப்பு. நவம்பர் 29, மதியம். எனக்கு ஞாபகம் இருக்கிறது. அந்த உடம்புக்கு முன்னும் பின்னும் என் முகத்தை வைத்து ஒட்டியது யார் என்றும் எனக்குத் தெரியும்.

அத்தனை வண்டியும் ஹார்ன் அடித்தது. ஆலையில் வேலை செய்கிறவர்கள், எங்களுக்குப் பால் போடுகிறவர், என் வகுப்புப் பிள்ளைகளின் அப்பாக்கள். ஒரு நிமிஷம் இருக்கும். பக்கத்து வண்டியில் ஒருவன் ஜன்னலை இறக்கி, "டீச்சர், நானும் ரெண்டாங்கிளாஸ் சேந்துக்கவா?" என்றான்.

அம்மா ஜன்னலில் மாட்டியிருந்த ஸ்பீக்கரை எடுத்து வெளியே வைத்தாள். "அது நீ இல்ல" என்றாள்.

"இல்லம்மா."

"எனக்குத் தெரியாதா."

அவளுக்குத் தெரியும். ஊருக்குத் தெரியாதே. நேற்று ஆலிபன்ட் கடிதம் அனுப்பியிருக்கிறார்: நிரந்தர வேலை நிறுத்திவைக்கப்பட்டிருக்கிறது. ஜூலை 17 கூட்டத்தில் நான் விளக்கம் சொல்ல வேண்டும். சொல்லப் போனால் யார் நம்புவார்கள்? எந்தப் பெண்ணும் அப்படித்தானே சொல்வாள்.

அது நான் இல்லை என்று நிரூபிக்க என்னிடம் ஒரு வழி இருக்கிறது. அதை நான் செய்ய மாட்டேன். என் உடம்பைப் பற்றி ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்திருக்கிற ஆண்களிடம் பேச மாட்டேன்.

இன்னொரு வழி உங்களிடம் இருக்கிறது. 'நான் இந்தப் படத்தின் எடிட்டர். அந்தக் காட்சியில் இருப்பது ஐலா கோர்பெலா அல்ல, டூப்.' இரண்டு வரி. கீழே உங்கள் கையெழுத்து. கூட்டத்துக்கு முன்னால் வர வேண்டும்.

இப்படிக்கு,
ஐலா கோர்பெலா


டொரோன்டோ
6 ஜூலை 1980

ஐலா,

'திருமதி க்ரைட்டன்' என்று எழுதியிருந்தாய். வாங்கிக்கொண்டேன்.

நடந்ததைச் சொல்கிறேன். ஏப்ரல் முதல் வாரம் மெல் வந்தான். "தெல்மா, இன்னும் மூணு வேணும். ஒண்ணு ஐலா கணக்குல வை" என்றான். ஒப்பந்தத்தில் அவள் ஆடை களைய மாட்டாள் என்று இருக்கிறதே என்றேன். "அவ களையலையே. வேற ஒருத்தி களையறா. அதுக்கு எங்கயாவது தடை எழுதியிருக்கா?" வக்கீலிடம் கேட்டுவிட்டு வந்திருக்கிறான். நீ எழுதி வாங்கிய அந்த ஒரு வரி சரியாகத்தான் இருக்கிறது. அதைச் சுற்றிக்கொண்டு போக ஒரு வழி இருப்பது நம் இருவருக்குமே தோன்றவில்லை.

கிழக்கு டொரோன்டோவில் ஒரு கிடங்கு. நாலு ஹீட்டர். ஒரு ஷவர் குழாய். ஒரு பெண் வந்தாள், ஒரு பிற்பகல், முடித்துவிட்டுப் போனாள். ஷூட்டிங்கில் நானும் இருந்தேன், உன் காட்சியோடு வெளிச்சம் ஒத்துப்போகிறதா என்று பார்க்க. ஒத்துப்போனது. நான்தான் ஒத்துப்போக வைத்தேன்.

நான் முடியாது என்று சொல்லிப் பார்த்தேன். ஒரு தடவை. "உன் உதவியாளன் செய்வான். அவன் பேரே டைட்டில்ல வரட்டும்" என்றான். அதற்கப்புறம் நான் சொல்லவில்லை. கத்திரி என் கையில் இருக்கிறது என்று உன்னிடம் சொன்னேன். கை என்னுடையது, சம்பளம் அவனுடையது. பதினான்கு வருஷம், ஐலா. நியாயப்படுத்தவில்லை. நீ தெரிந்துகொள்ள வேண்டும் என்று எழுதுகிறேன்.

உனக்கு எழுத உட்கார்ந்தேன். கலர் பென்சில்தான் அனுப்ப முடிந்தது.

இப்போது கையெழுத்து. டூப் போட்டதை வெளியே சொல்ல மாட்டேன் என்று எங்கள் எல்லாரிடமும் எழுதி வாங்கியிருக்கிறார்கள். நான் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால் மெல் மட்டும் இல்லை, இந்த ஊரில் ஒருவனும் என்னைக் கூப்பிட மாட்டான். எடிட்டிங் அறைக்குள் பெண்ணை விடுவதே அவர்களுக்குக் கஷ்டம். வாய் திறக்கிற பெண் என்றால் கேட்கவே வேண்டாம். எனக்கு முப்பத்தொன்பது வயது. வேறு எதுவும் தெரியாது.

அதற்குப் பதிலாக ஒன்று அனுப்புகிறேன். பிலிமிலிருந்து இரண்டு துண்டு. ஒன்றில் நீ கதவுக்கு முன்னால், கை சிலிர்த்து நிற்கிறது. இன்னொன்றில் அந்த உடம்பு, வெண்ணெய் மாதிரி வழவழப்பு. நவம்பர் ஏரிக்கரைத் தோல் ஒன்று, ஹீட்டர் வைத்த கிடங்குத் தோல் ஒன்று. ஒரே ஆளாக இருக்க முடியாது. ஒரு தாளில் டைப் அடித்து விளக்கியிருக்கிறேன். கையெழுத்து இல்லை.

இதுதான் என்னால் முடிந்தது. போதாது என்று எனக்கே தெரியும்.

தெல்மா


கெட்டில் பே
19 ஜூலை 1980

திருமதி க்ரைட்டன்,

கூட்டம் முடிந்தது. நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும் என்று நானும் எழுதுகிறேன்.

ஆறு ஆண்கள், ஒரு பெண். அந்தப் பெண் திருமதி டாகெட், தபால் நிலையத்தில் இருப்பவர். நான் உங்கள் பிலிம் துண்டுகளைக் கொடுத்தேன். ஆலிபன்ட் ஜன்னலுக்கு எதிரே தூக்கிப் பிடித்துப் பார்த்தார். தபால்தலை அளவு. பக்கத்தில் இருந்தவரிடம் கொடுத்தார். அவர் கொஞ்சம் அதிக நேரம் பார்த்தார். "இதுல சிலிர்ப்பு எது, வழவழப்பு எதுன்னு எனக்கு சொல்லத் தெரியலைம்மா" என்றார் ஆலிபன்ட். அப்புறம் உங்கள் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "எழுதினவங்க பேரு இல்லையே?"

"இல்ல சார்."

"பேரு போட பயப்படறவங்க சொல்றதை நான் எதை வெச்சு நம்பறது?"

அவர் கேட்டது சரியான கேள்வி.

அந்த நேரத்தில் கதவைத் தட்டாமல் சைமி நூர்மி உள்ளே வந்தார். பின்னால் ஐந்து பெண்கள், அவர்களில் கடைசியாக அம்மா. எல்லாரும் சர்ச்சுக்குப் போகிற உடுப்பில். சைமிக்கு அறுபத்தெட்டு வயது. முந்தைய சனிக்கிழமை சவுனாவில் நான் எதுவும் பேசாமல் இருந்ததைப் பார்த்துவிட்டு, அம்மாவிடம் விஷயத்தைக் கறந்திருக்கிறார். அன்றைக்கு ராத்திரியே ஆறு பேரும் ஒரே டிரக்கில், பிளாஸ்கில் காபி எடுத்துக்கொண்டு, டிரைவ்-இன்னுக்குப் போய் அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறார்கள். எனக்குத் தெரியாது.

"இது மூடிய கூட்டம்" என்றார் ஆலிபன்ட்.

"கதவு திறந்துதான் இருந்துச்சு" என்றார் சைமி. "அந்தப் படத்துல இருக்கறது எங்க ஐலா இல்ல. அதைச் சொல்லிட்டுப் போறோம்."

"உங்களுக்கு எப்படித் தெரியும்மா?"

"வாராவாரம் அவளோட சவுனாவுல உக்காருறவங்க நாங்க. போன சனிக்கிழமையும் உக்காந்தோம். அவளுக்கு இடது விலாவுல, இதோ, என் உள்ளங்கை அளவு தீக்காயத் தழும்பு. அடுப்புல விழுந்தா. தண்ணிய சிந்தி வழுக்க வெச்சது நான். அந்தப் படத்துல இருக்கறவளுக்கு அங்க ஒண்ணும் இல்ல. அவ தொப்புள்கூட வேற மாதிரி."

ஒருவரும் தலை நிமிரவில்லை. எங்கள் பெண்கள் தொப்புள் என்று சொல்வது உங்கள் ஆட்கள் மூக்கு என்று சொல்வது போல. நாங்கள் சவுனாவில் ஒருவரை ஒருவர் பார்ப்பதில் ஒன்றும் இல்லை, அங்கே யாரும் யாருக்கும் காட்டுவதில்லை. அதை அந்த அறையில் எப்படிப் புரியவைப்பது?

ஆலிபன்ட் மேசையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "இவங்க எல்லாம் அவளுக்கு வேண்டியவங்க. குழுவுல யாராவது ஒருத்தர் அந்தத் தழும்பை உறுதிப்படுத்தணும்."

திருமதி டாகெட் எழுந்தார். பக்கத்தில் சாக்பீஸ், வரைபடம் எல்லாம் வைக்கிற அறை. நான் சட்டையை விலாவுக்கு மேலே தூக்கினேன். அவர் பார்த்தார். "மன்னிச்சுக்கம்மா" என்றார். வெளியே போய், "இருக்கு" என்றார்.

வேலை கிடைத்துவிட்டது. செப்டம்பர் 2 முதல்.

உடம்பைக் காட்டவில்லை என்று நிரூபிக்க உடம்பைக் காட்ட வேண்டியிருந்தது. அந்த அறைக்குள் நான் எதற்காகப் போனேன் தெரியுமா? உங்கள் தாளில் இரண்டு அங்குலம் காலியாக இருந்தது, அதற்காக.

இன்னொன்றும். வெளியே வந்ததும் எங்கள் பெண்கள் எல்லாரும் படத்தில் இருக்கிற அந்த இன்னொரு பெண்ணைப் பற்றிச் சிரித்தார்கள். அவள் தொப்புள், அவள் இடுப்பு. நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்தபிறகுதான் அவளுக்கு ஒரு பெயர் இருக்கும் என்று தோன்றியது. உங்கள் கடிதத்தில்கூட 'ஒரு பெண்' என்றுதான் இருக்கிறது.

பூட்ஸைப் பார்சலில் அனுப்பிவிட்டேன். பதில் எழுத வேண்டாம்.

ஐலா கோர்பெலா


டொரோன்டோ
17 ஆகஸ்ட் 1980

ஐலா,

எழுத வேண்டாம் என்றாய். இந்த ஒன்றோடு நிறுத்திக்கொள்கிறேன்.

இத்துடன் இருப்பது ஆலிபன்டுக்கு நான் எழுதியதன் நகல். இரண்டு வரி, கீழே முழுக் கையெழுத்து. ஒரு மாதம் பிந்திவிட்டது. உனக்கு இப்போது அது தேவையில்லை. எனக்குத்தான் தேவை. கோப்பில் கிடக்கட்டும்.

அவள் பெயர் கிளாடெட் ஜெர்வே. எனக்கும் தெரிந்திருக்கவில்லை. ரசீதுக் கட்டில் தேடி எடுத்தேன். க்வீன் தெருவில் ஒரு டோனட் கடையில் கல்லாவில் நிற்கிறாள். போய் ஒரு காபி வாங்கிக்கொண்டு, யார் என்று சொன்னேன். உன் கதையையும் சொன்னேன். கேட்டுவிட்டு, "அந்தப் பொண்ணு வேலை போகலையே?" என்றாள். அதுதான் அவள் கேட்ட முதல் கேள்வி.

"உங்க பேரை டைட்டில்ல போட்டா பரவாயில்லையா?" என்று கேட்டேன். "உங்களுக்குச் சங்கடமா இருக்குமோன்னு..."

"எனக்கு என்ன சங்கடம்? ஏழு படத்துல நின்னிருக்கேன். ஒருத்தரும் பேரு கேட்டதில்ல. போடுங்க. ஜெர்வேன்னு சரியா போடுங்க."

இப்போது நடந்ததைக் கேள். படம் ஓடுகிறது. இருபது புது பிரிண்ட் போட உத்தரவு. பணம் போட்ட பல் டாக்டர்களில் ஒருவர் பெயர் நன்றிப் பட்டியலில் விட்டுப்போய்விட்டதாம். மனிதர் மனைவி, மாமனார், மாமியார் எல்லாரையும் கூட்டிக்கொண்டு படத்துக்குப் போய், கடைசி வரை உட்கார்ந்திருந்து, பெயர் வராமல் அவமானப்பட்டுத் திரும்பியிருக்கிறார். மெல் அலறிக்கொண்டு வந்தான். "கடைசி ரீலைத் திரும்பப் பண்ணு. அந்த ஆளு பேரை முதல்ல போடு."

பண்ணினேன். பதினேழு பல் டாக்டர்களுக்கு முன்னால், திரை முழுக்க ஒரு டைட்டில் அட்டை: 'குளியலறைக் காட்சியில் ஐலா கோர்பெலாவுக்குப் பதிலாக நடித்தவர்: கிளாடெட் ஜெர்வே.' ஐந்து வினாடி. யாரும் கடைசி ரீலைப் போட்டுப் பார்க்கவில்லை. அதை யாரும் எப்போதும் பார்ப்பதில்லை. இருபதும் ஊர் ஊராகப் போய்ச் சேர்ந்த பிறகு அந்த டாக்டரே மெல்லுக்கு போன் பண்ணி, "என் பேருக்கு முன்னாடி யாருய்யா அந்தப் பொம்பளை?" என்று கேட்டிருக்கிறார்.

வெள்ளிக்கிழமை என்னை அனுப்பிவிட்டான். சாமான் ஒரு அட்டைப்பெட்டி. கத்திரி என் சொந்தக் கத்திரி, அதையும் எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

நீ மன்னிக்க வேண்டும் என்று இதைச் செய்யவில்லை. என் பெயரும் அதே படத்தில்தான் வருகிறது. அதற்குப் பக்கத்தில் கொஞ்சம் உண்மை இருக்கட்டும் என்று தோன்றியது.

தெல்மா க்ரைட்டன்


கெட்டில் பே
2 செப்டம்பர் 1980

அன்புள்ள தெல்மா,

இன்றைக்கு முதல் நாள் வகுப்பு. இருபத்து நாலு பேர். அழுகிறவள் இப்போது மூன்றாம் வகுப்பு, அங்கே போயும் அழுகிறாள், ஜன்னல் வழியாகக் கேட்டது.

ஞாயிற்றுக்கிழமை நடந்ததைச் சொல்ல வேண்டும். டிரைவ்-இன்னில் இந்தக் கோடைக்கு அதுதான் கடைசி வாரம். நல்ல வசூல் என்று 'சுடுமணல் விடுமுறை'யையே மறுபடி வரவழைத்திருந்தார்கள். நான் போகமாட்டேன் என்றேன். சைமி டிரக்கை வீட்டு வாசலில் நிறுத்தி, "பிரிண்ட் புதுசான்னு பிலிம் டப்பா தூக்கற ஆளுகிட்ட கேட்டுட்டேன். புதுசாம். ஏறு" என்றார். உங்கள் கடிதத்தை அம்மா அவரிடம் படித்துக் காட்டியிருக்கிறாள். இந்த ஊரில் எனக்கென்று ஒரு கடிதம்கூடக் கிடையாது.

ஏழு பெண்கள், ஒரு டிரக். அந்தக் காட்சி வந்தது. ஹார்ன் அடித்தார்கள், போன தடவை அளவுக்கு இல்லை. நான் குனிந்துகொள்ளவில்லை. சைமி எனக்குக் காபி ஊற்றிக் கொடுத்தார்.

படம் முடிந்ததும் எல்லா வண்டியும் கிளம்பிவிட்டது. உங்களுக்குத் தெரியுமே, பெயர்களுக்காக யாரும் நிற்பதில்லை. விளக்குகள் திரைமேல் பட்டு எழுத்தே மங்கிப்போயிற்று. கார்டி பெயர் போனது. மெல் பெயர் போனது. உங்கள் பெயர் வந்தது, அம்மா "இவங்கதான்" என்றாள். அப்புறம் அந்த அட்டை வந்தது. சைமிக்குக் கண்ணாடி இல்லாமல் தெரியாது, நான்தான் உரக்கப் படித்தேன். என் பெயரையும் அவள் பெயரையும்.

"ஜெர்வே" என்று சைமி ஒரு தடவை சொல்லிப் பார்த்தார். அப்புறம் ஹார்னில் கையை வைத்தார். அந்த ஐந்து வினாடியும் எடுக்கவில்லை, பல் டாக்டர்கள் ஒவ்வொருவராக ஓடி முடிக்கிற வரைக்கும் எடுக்கவில்லை. வாசலுக்குப் போய்விட்ட இரண்டு வண்டிகள் என்னவோ ஏதோ என்று நின்று திரும்பிப் பார்த்தன. ஒருவர் இறங்கி வந்து, "என்னம்மா, வண்டி மாட்டிக்கிச்சா?" என்று கேட்டார். பால் போடுகிறவர்தான். "திரையைப் படி" என்றார் சைமி. அதற்குள் திரை வெள்ளையாகிவிட்டது. அட்டையில் இருந்ததை நான் அவரிடம் திரும்பச் சொன்னேன். அவர் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். இந்நேரம் எல்லா வீட்டு வாசலுக்கும் பாலோடு அதுவும் போய்ச் சேர்ந்திருக்கும்.

நான் இன்னும் கோபமாகத்தான் இருக்கிறேன். அந்த சாக்பீஸ் அறை மறக்காது. ஆனால் உங்களுக்கு வேலை போய்விட்டது என்று படித்ததிலிருந்து எனக்குச் சரியாகத் தூக்கமில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

கிளாடெட்டுக்குத் தனியாக எழுதியிருக்கிறேன், டோனட் கடை விலாசத்துக்கு. நீங்களும் அவளும் ஒரு சனிக்கிழமை பஸ் ஏறி வாருங்கள். சவுனாவில் இடம் இருக்கிறது, அடுப்போரம் மட்டும் என்னை விட மாட்டார்கள், அதை நீங்கள் எடுத்துக்கொள்ளலாம்.

பூட்ஸை அவசரப்பட்டு அனுப்பிவிட்டேன். இங்கே அக்டோபரிலேயே பனி. வரும்போது போட்டுக்கொண்டு வாருங்கள்.

அன்புடன்,
ஐலா